ராசம்மாவின் பெயர்

மாரி மழை பிடித்துக்கொண்டால் கிட்டங்கித் தாம்போதியை மேவி வெள்ளம் பாயும். கல்முனைக்கும் நாவிதன்வெளிக்குமிடையே போக்குவரத்து அற்றுப்போகும் அந்நாட்களில், வீட்டினுள் அடைபட்டிருந்து நாம் கேட்டு வளர்ந்த ஒலிகள் இரண்டு. ஒன்று, வயல்வெளித் தவளைகளின் ஓயாத கூச்சல். மற்றையது, எமது தந்தையார் தம்மை மறந்து முணுமுணுக்கும் ஒரு சிங்களப் பாட்டு.

தந்தையார் சிங்களம் படித்தவரல்லர். இளமையில் ஹிங்குராணைச் சீனித் தொழிற்சாலைக்காகக் கூலிக்குக் கரும்பு வெட்டியவர். கல்லோயாக் குடியேற்றங்களிலிருந்து வந்த சிங்களத் தொழிலாளரும், எமது பக்கத்துத் தமிழரும், முஸ்லிம்களும் ஒரே வெயிலில் நின்று வெட்டினார்கள். மாலையில் வாடியிலே ஒருவருடைய வானொலிப் பெட்டி எல்லோருக்கும் பொதுவாகப் பாடும். அங்கே கேட்ட குரலைத்தான் தந்தையார் வீட்டுக்குக் கொண்டுவந்தார்.

“ஆர்ர பாட்டப்பா இது?” என்று கேட்டால், “ருக்மணி தேவிட பாட்டு மனே. அவ நம்மட ஆள்தான், தெரியுமா?” என்பார்.

அவருடைய காலக்கணக்குக்கூட அக்குரலோடு பிணைந்தது. 1978 நவம்பர் 23ஆந் திகதி எமது கரையைப் பிய்த்தெறிந்த சூறாவளியை, “ருக்மணி செத்து அடுத்த மாசம் அடிச்ச காத்து” என்றே இன்றும் சொல்வார்.

அத்துணை பிரியத்தோடு அக்குரலைக் கேட்டவர்தாம் எமது தமக்கையை மேடையேறவிடாமல் தடுத்தவரும்.

அக்காவுக்கு அப்போது பதினைந்து வயது. பாடசாலைக் கலைவிழாவுக்கு ஒரு நாடகம் பழக்கினார்கள். கதாநாயகிக்குப் பாடத் தெரிந்திருக்க வேண்டுமென்று அக்காவைத் தெரிந்தெடுத்தார்கள். இரண்டு நாள் ஒத்திகைக்குப் போனாள். மூன்றாம் நாள் தந்தையார் போகவேண்டாமென்றார். “ருக்மணி பாடினா மட்டும் கேக்கிறீங்களேப்பா?” என்று அக்கா அழுதுகொண்டு கேட்டாள். தந்தையார் சொன்ன மறுமொழி எமது செவியில் இன்னும் நிற்கிறது:

“அவ பாடினா அது பாட்டு மனே. நீ பாடினா அது ஊருக்குப் பேச்சு.”

அந்த வேடத்தைச் சேலை உடுத்து நடித்த பையன் வேறெவனுமல்லன், நாமே. குரல் உடையாத வயது. பாட்டுகளை அடுக்களையில் வைத்து எமக்குச் சொல்லித் தந்தவளும் அக்காவே. விழா இரவில் கைதட்டு எமக்குக் கிடைத்தது. அக்கா விழாவுக்கு வரவில்லை.

பின்னர் சர்வகலாசாலையில் தமிழ் படித்து, நாடக வரலாற்றின் ஏடுகளைப் புரட்டியபோதுதான், தந்தையாரின் “நம்மட ஆள்” என்ற சொல்லுக்குப் பொருள் விளங்கிற்று.

நுவரெலியாப் பகுதியின் றம்பொடையிலே 1923ஆம் ஆண்டு ஜனவரி 15ஆந் திகதி பிறந்த டெய்சி ராசம்மா டேனியல்ஸ்தான் ருக்மணி தேவி. குடும்பம் கொழும்புச் செட்டிச் சமூகத்தைச் சேர்ந்த கிறித்தவக் குடும்பம். தந்தை தோட்டத்தில் வேலைபார்த்தவர், தாய் ஆசிரியை. ராசம்மா வெள்ளவத்தையில் படித்தார். சிறுமியாக இருந்தபோதே ‘ராமாயணய’ என்ற சிங்கள நாடகத்தில் சீதையாக மேடையேறினார். ருக்மணி தேவி என்பது மேடை அவருக்கு இட்ட பெயர். 1930களின் இறுதியில் எச். டபிள்யூ. ரூபசிங்க மாஸ்டரோடு சேர்ந்து ‘சிரி புத்தகயா விஹாரே’ என்ற பாடலை இசைத்தட்டுக்குப் பாடினார். கிறித்தவ வீட்டுச் சிறுமி இதிகாசத்துச் சீதையாக நடித்து, பௌத்த பக்திப் பாடலாலே நாடறிந்தவரானார். கலையை இனத்துக்கும் மதத்துக்கும் வேலி போட்டுப் பங்குபிரிக்க முனைவோர் இந்த ஒரு வரலாற்றை எந்தப் பங்கிலே சேர்ப்பார்கள்?

அக்காலத்தில் ஒரு பெண் மேடையில் நிற்பது எத்தகைய துணிவு என்பதை உணர்தல் வேண்டும். 1911இல் மருதானையில் எழுந்த டவர் மண்டபம் சிங்கள நூர்த்தி நாடகத்தின் வீடு. இந்தியாவிலிருந்து வந்த பார்சி நாடகக் குழுக்களின் பாட்டும் பகட்டும் கலந்து பிறந்தது நூர்த்தி. அதன் தொடக்க காலத்தில் பெண்வேடத்தையும் ஆண்களே புனைந்தார்கள். எமது மட்டக்களப்புக் கூத்திலும் அதுவே மரபு. வடமோடியாயினும் தென்மோடியாயினும், வட்டக்களரியிலே திரௌபதியாக ஆடியவர் அண்ணாவியார் பழக்கியெடுத்த ஓர் இளைஞரே. இஃது எமக்கு மட்டும் உரிய வழக்கமுமன்று. ஜப்பானிலே கபுக்கி மேடையிலிருந்து பெண்களை 1629இல் அரசே விரட்டியது. இங்கிலாந்திலே 1660 வரை ஷேக்ஸ்பியரின் நாயகியரைப் பையன்களே நடித்தார்கள். ஆண் சேலை உடுத்தி ஆடினால் அது கலை. பெண் பெண்ணாகவே நின்றால் அது பழி. உலகெங்கும் ஆண்கள் எழுதிவைத்த நியாயம் இதுதான்.

ருக்மணி, நீர்கொழும்பைச் சேர்ந்த பி. ஏ. டபிள்யூ. ஜயமான்னவின் மினர்வா நாடகக் குழுவில் சேர்ந்தார். அவருடைய தம்பியும் நகைச்சுவை நடிகருமான எடி ஜயமான்னவை, குடும்பத்தாரின் எதிர்ப்பை மீறி மணந்தார். மினர்வா மேடையில் வெற்றிபெற்ற ‘கடவுணு பொரொந்துவ’ என்ற நாடகம் படமாக்கப்பட்டு, 1947 ஜனவரி 21ஆந் திகதி கொழும்பில் திரையிடப்பட்டது. அதுவே முதலாவது சிங்களப் பேசும்படம். அதன் கதாநாயகி ருக்மணி தேவி. தொடர்ந்து ‘கபடி ஆரக்ஷகயா’ 1948இலும், ‘சங்கவுணு பிளிதுர’ 1951இலும் வந்தன. நடித்தவரும் அவரே, அவ்வுருவுக்காகப் பாடியவரும் அவரே.

அந்த முதற் படம் எங்கே பிறந்தது? கொழும்பிலன்று, மதுரையிலே. தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்ற தமிழர். இயக்கியவர் ஜோதிஷ் சிங் என்ற வங்காளி. பின்னர் ருக்மணியோடு சேர்ந்து பாடிப் புகழ்பெற்ற மொஹிதீன் பெய்க், சேலத்திலே பிறந்த முஸ்லிம். எண்ணற்ற சிங்களப் படங்களுக்கு இசையமைத்த ஆர். முத்துசாமி, நாகர்கோவிலிலிருந்து வந்த தமிழர். ஓர் இனத்தின் தனிச்சொத்து என்று மேடைகளிலே முழங்கப்படும் ஒரு கலையின் அத்திவாரத்தைத் தோண்டிப்பார்த்தால், இப்படிப் பல இனத்து உழைப்பாளரின் வியர்வையே தட்டுப்படும். எமது தந்தையார் வெட்டிய கரும்பும் அப்படித்தான். சீனியை நாவிலே போட்டுக்கொண்டு, இதில் எந்த இனத்தவன் வெட்டியது என்று எவராலும் சொல்லமுடியாது.

இந்த உண்மையை ஒப்ப மறுத்த ஆண்டு ஒன்று வந்தது. 1956இல் தனிச்சிங்களச் சட்டம் நிறைவேறிற்று. அந்த ஜூன் மாதமே எமக்கு அண்மையிலுள்ள கல்லோயாவில் தமிழர்மீது வன்செயல் பாய்ந்தது. அதே ஆண்டிலே லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸின் ‘ரேகாவ’ வெளிவந்தது. சட்டத்தையும் படத்தையும் ஒரே தராசில் வைப்பது அறிவீனம். சிங்களச் சினிமாவைத் தென்னிந்திய ஸ்ரூடியோக்களின் அட்டைக் காட்சிகளிலிருந்து விடுவித்து, மெய்யான கிராமத்து வெளிச்சத்திலே நிறுத்தியது ‘ரேகாவ’. அது முற்போக்கான பாய்ச்சல். ஜயமான்னவின் படங்கள் மேடைத்தன்மையும் மிகையுணர்ச்சியும் கொண்டவை என்ற விமர்சனத்திலும் நியாயம் உண்டு. ஆயினும் ஒரு பாணி பழசாகும்போது அதன் விலையைச் செலுத்துவது யார்? முதலாளி தன் முதலை வேறு வியாபாரத்துக்கு மாற்றிக்கொள்வான். நடிகையிடம் மாற்றுவதற்கு இருப்பது தன் உடலும் குரலும் மட்டுமே.

நாயகி வேடங்கள் அருகின. ருக்மணி ஊரூராக இசைமேடைகளிலே பாடி உழைத்தார். 1978 அக்டோபர் 28ஆந் திகதி, மாத்தறையில் ஒரு நிகழ்ச்சியிலே பாடிவிட்டு நீர்கொழும்புக்குத் திரும்பும் வழியில், ஜா-எலவுக்கு அருகே துடெல்லவில் வாகன விபத்திலே உயிரிழந்தார். வயது 55. நாட்டின் முதற் திரைநாயகி, இரவு வேலை முடித்து வீடு திரும்புகையிலே இறந்தார். நாம் அதனை ஒரு நட்சத்திரத்தின் மறைவு என்று சொல்லமாட்டோம். அது ஒரு தொழிலாளியின் சாவு.

அதன் பின் ஐந்தாண்டு கழிந்து 1983 ஜூலை வந்தது. தமிழரான கே. குணரத்தினத்தின் ஹெந்தலை விஜயா ஸ்ரூடியோ எரிக்கப்பட்டது. சிங்களப் படங்களை இயக்கிய தமிழர் கே. வெங்கட் கொல்லப்பட்டார். சிங்களச் சினிமாவைக் கட்டிய கைகளையே தீ தேடிவந்தது. அதைக் காண ருக்மணி உயிரோடிருக்கவில்லை.

இன்று சிங்களச் சினிமாவின் வரலாற்றை எழுதுவோர் அவர் பெயரைத் தவிர்க்க முடியாது. ஆயினும் ராசம்மா என்ற பெயரை ஒரு வேடிக்கைத் தகவலாகவே பலர் சொல்லிக் கடக்கின்றனர். தமிழராகிய நாமோ அந்தப் பெயரை அறிந்து பெருமைப்படுவதோடு நின்றுவிடுகிறோம். “நம்மட ஆள்” என்று உரிமை கொண்டாட எமக்கு என்ன தகுதி? ராசம்மா என்ற பெயரோடு ஒரு பெண் மேடையேற வந்திருந்தால், நாம் அவளை ஏறவிட்டிருப்போமா? எமது வீட்டு வரலாறு அதற்கு விடை சொல்கிறது.

இவ்வளவையும் இன்று எழுதத் தூண்டிய நிகழ்ச்சி ஒன்றுண்டு. நாம் படிப்பிக்கும் பாடசாலையிலே தமிழ்மொழித் தினப் போட்டிக்கு ஒரு நாடகம் பழக்குகிறோம். பத்தாம் வகுப்பு மாணவி ஒருத்தி. வாசிக்கச் சொன்னதும் வகுப்பே அடங்கிப்போகும் குரல். அவளுடைய தாய் குவைத்தில் வீட்டுவேலை செய்கிறாள், அம்மம்மாவே வளர்க்கிறார். அனுமதி கேட்டு வீட்டுக்குப் போனோம். கிழவியார் பாய் விரித்து, தேநீர் தந்து உபசரித்துவிட்டுச் சொன்னார்:

“தாய் அங்க கிடந்து உழைக்கிறதே இந்தப் புள்ளைக்காகத்தான் சேர். அவ வாறத்துக்குள்ள புள்ளைட பேரக் கெடுத்துப்போட்டன் எண்டு வந்திடக்கூடாது.”

எம்மிடம் கோட்பாடுகள் இருந்தன. கபுக்கியும் ஷேக்ஸ்பியரும் இருந்தனர். அந்த வாசலிலே ஒன்றும் வாய்க்கு வரவில்லை. கிழவியாரைப் பிற்போக்கு என்று ஏசிவிட்டு வருவது சுலபம். ஆனால், அவளுடைய பேர் கெட்டால் அதைச் சுமக்கப்போவது நாமல்லர், அக்குடும்பமே. ஊர் விதிக்கும் தண்டம் எப்போதும் ஏழைப் பெண்ணின் தலையிலேதான் விழுகிறது என்பதைக் கிழவியார் எம்மைவிட நன்கு அறிவார்.

திரும்பும் வழியில் அன்னமலையில் அக்கா வீட்டுக்குப் போனோம். அக்கா இப்போது மூன்று பிள்ளைகளின் தாய். நடந்ததைச் சொன்னோம். உலையில் அரிசியைப் போட்டுக்கொண்டே கேட்டவள், சிறிது நேரம் பேசவில்லை. பிறகு, “நீ போய்ப் பேசினாச் சரிவராது தம்பி. அவக்குப் பயம் பேச்சுக்கு. அந்தப் பேச்சுக்குப் பயந்து நிண்டவ நான். நான் வாறன்” என்றாள்.

ஆசிரிய நண்பர்களே, மாணவத் தோழர்களே, பெண் விடுதலையைப் பற்றி நாம் எழுதும் கட்டுரைகள் பல. ஆயினும் அடுத்த கலைவிழாவிலே கதாநாயகி வேடத்துக்கு ஒரு பையனைப் பிடிக்கும் அந்த எளிய வழியை நாம் எத்தனை முறை எடுத்திருக்கிறோம்? ஒத்திகை முடிந்ததும் பிள்ளையை வீட்டுவாசல் வரை கொண்டுசென்று விடுவதும், நாடகத்தைப் பார்க்க அம்மம்மாவையே முன்வரிசையில் இருத்துவதும், ஊரில் பேச்சு எழுந்தால் அவளுக்கு முன்னே நாம் நின்று மறுமொழி சொல்வதும் எமது கடமையல்லவா? மேடையிலே ஒரு பெண்ணை நிறுத்துபவர், மேடைக்கு வெளியே அவளுக்கருகில் நிற்கவும் வேண்டும்.

அன்று மாலை தந்தையாரிடமும் சொன்னோம். திண்ணையில் சாய்ந்திருந்தவர் ஒன்றும் பேசவில்லை. இரவு சாப்பாட்டுக்குப் பின்னர்தான் கேட்டார்: “அந்தப் புள்ள நல்லாப் பாடுவாளா?”

நாளை மறுநாள் அக்கா அந்த வீட்டுக்கு வருகிறாள். நடிகர் பட்டியலை எழுதி முடித்துவிட்டோம். கதாநாயகி என்ற இடத்துக்கு எதிரே மட்டும் வெறுமையாக இருக்கிறது. இம்முறை அங்கே ஒரு பையனின் பெயரை நாம் எழுதப்போவதில்லை.