செகெட்டிலிருந்து வந்த மிளகாய்ப் பொடி

என் மகள் ஹங்கேரியிலிருந்து ஆசையாகக் கொண்டுவந்த மிளகாய்ப் பொடியை நான் ஒரே நிமிஷத்தில் கருக்கிவிட்டேன். அவள் சொல்லச் சொல்லக் கேட்காமல் செய்த காரியம் அது. அந்த நிமிஷத்தில் வேறு எதையெல்லாம் இழந்தேன் என்று தெரிய மாதங்கள் ஆயின.

ஹங்கேரி அரசின் உதவித்தொகையில் செகெட் நகரத்துக்குப் படிக்கப் போனவள் அவள். திசா ஆற்றங்கரையில் இருக்கும் ஊர். நமக்கு ராமநாதபுரம் குண்டு மிளகாய் எப்படியோ, அவர்களுக்குச் செகெட் பாப்பிரிகா அப்படி. விடுமுறைக்கு வந்தவள் பெட்டியிலிருந்து ஒரு சின்னத் துணிப்பையை எடுத்து நீட்டினாள். "வீட்டுக்காரப் பாட்டி குடுத்தாங்கம்மா. உனக்கு இதுல குலாஷ் செஞ்சு தரேன்" என்றாள்.

வந்த நாளிலிருந்து அந்த ஊரைப் பற்றித்தான் பேச்சு. அங்கே பேராசிரியராக இருந்த ஆல்பர்ட் சென்ட்-ஜியார்ஜி, மனைவி இரவுச் சாப்பாட்டுக்கு வைத்த பாப்பிரிகாவைச் சாப்பிடப் பிடிக்காமல் ஆய்வுக்கூடத்துக்கு எடுத்துக்கொண்டு போனாராம். வைட்டமின் சி அதில் அப்படிக் கொட்டிக் கிடந்ததாம். 1937-இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. கண் விரிய அவள் சொல்லிக்கொண்டிருந்தாள். நான் கீரை ஆய்ந்துகொண்டே "உம்" கொட்டினேன்.

அது புரட்டாசி மாசம். வீட்டில் கவிச்சி கிடையாது. குலாஷோ மாடு மேய்ப்பவர்கள் வெட்டவெளியில் இறைச்சி போட்டுக் காய்ச்சிய குழம்பு. இறைச்சி இல்லாத நாளில் உருளைக்கிழங்கை மட்டும் போட்டு அங்கேயும் செய்வார்கள் என்றாள். எனக்கும் உற்சாகம் வந்துவிட்டது. கம்பம் உழவர் சந்தைக்குப் போய் உருளைக்கிழங்கு, குடைமிளகாய், தக்காளி எல்லாம் வாங்கிவந்தேன். நம் பங்குக்கு இருக்கட்டும் என்று சின்ன வெங்காயமும், முதல் நாள் இரவே ஊறவைத்த மொச்சையும் சேர்த்துக்கொண்டேன்.

அவள் அடுப்படிக்கு வந்து என் பக்கத்தில் நின்றாள். "அம்மா, பொடிய மட்டும் நான் போடுறேன். அடுப்ப அணைச்சிட்டுத்தான் போடணும்."

"போடி. மிளகாப்பொடி போடுறதக்கூட எனக்கு நீ சொல்லித் தரணுமா? போ, அப்பத்தாகிட்டப் போய்ப் பேசிக்கிட்டிரு."

போய்விட்டாள்.

கடலை எண்ணெய் நன்றாகக் காய்ந்திருந்தது. கடுகு வெடித்தது, கறிவேப்பிலை பொரிந்தது, வெங்காயம் சிவந்தது. பொடியை நுனி நாக்கில் வைத்துப் பார்த்தேன். காரமே இல்லை. காரம் இல்லாததைக் கொஞ்சமாகப் போட்டு என்ன பயன்? பையை அப்படியே கவிழ்த்தேன். ஒரு கணம் அடுப்படி முழுக்க இனிப்பான வாசனை, செங்கல்லை இழைத்த மாதிரி ஒரு சிவப்பு. கரண்டியை எடுத்துத் திரும்புவதற்குள் சிவப்பு பழுப்பானது, பழுப்பு கறுத்தது. வாசனை போய்க் கமறல் வந்தது. தண்ணீரை ஊற்றினேன். தக்காளியை அள்ளிப் போட்டேன். கசப்பு போகவில்லை. தயிர் கலந்தேன், வெல்லம் கிள்ளிப் போட்டேன், கடைசியில் நம் குழம்புப் பொடியையும் கொட்டினேன். அது குலாஷாகவும் இல்லை, குழம்பாகவும் இல்லை.

இரவு எல்லோருக்கும் அதைத்தான் பரிமாறினேன். மாமியார் ஒரு வாய் வைத்துவிட்டு மோரை ஊற்றிக்கொண்டார். மகள் மட்டும் கடைசிவரை சாப்பிட்டாள். "நல்லாருக்கும்மா" என்றாள். பிறகு அந்த வெறும் துணிப்பையை உதறி, மடித்து, பெட்டிக்குள் வைத்துக்கொண்டாள். விடுமுறை முடியும்வரை செகெட்டைப் பற்றி அவள் வாயே திறக்கவில்லை. பழைய தோழிகளைப் பார்க்கிற மும்முரம் என்று நானாக நினைத்துக்கொண்டேன்.

அவள் திரும்பிப் போன பிறகு அந்தக் கசப்பு என்னை உறுத்திக்கொண்டே இருந்தது. தேனிக்குப் போயிருந்தபோது பியாடகி வற்றல் வாங்கிவந்தேன். கர்நாடகத்து வற்றல், நிறம் தூக்கலாக இருக்கும், காரம் குறைவு. விதையையும் உள்நரம்பையும் நீக்கி அரைத்தால் பாப்பிரிகாவுக்குக் கொஞ்சம் கிட்டே வரும். ஒரு ஞாயிற்றுக்கிழமை மறுபடி அடுப்பைப் பற்றவைத்து, மகளை வீடியோ காலில் அழைத்து, போனை அஞ்சறைப் பெட்டிமேல் சாய்த்துவைத்தேன்.

"எண்ணெய் ரொம்பக் காயக் கூடாதும்மா. வெங்காயம் சிவக்கவே வேணாம், குழைஞ்சா போதும். இப்ப சட்டிய இறக்கு. கீழ வை. இப்பப் போடு. கிண்டு. ஒடனே தண்ணி ஊத்து."

ஊற்றினேன். எண்ணெய் சிவப்பாகத் திரண்டு மேலே வந்தது. பாப்பிரிகாவில் சர்க்கரை அதிகமாம். சூட்டில் நொடியில் தீய்ந்துவிடுமாம். நிறமோ எண்ணெயில்தான் இறங்குமாம். மிதமான சூடு வேண்டும், நெருப்பு கூடாது. இதைத்தான் அன்று சொல்ல வந்திருக்கிறாள்.

"நானும் மொதல்ல ஒன்ன மாதிரிதாம்மா, காஞ்ச எண்ணெயில போடப் போனேன்" என்றாள். "பாட்டி சட்டுனு கையப் பிடிச்சிட்டாங்க. அவங்களுக்கு இங்கிலீஷ் வராது. சட்டிய எறக்கி, எங்கையில கரண்டியக் குடுத்து, எங்கையப் பிடிச்சே கிண்டினாங்க. காய்ச்சல்ல படுத்திருந்தேன்ல, அப்பவும் இதத்தான் செஞ்சு மாடிக்கே கொண்டுவந்து குடுத்தாங்க."

"எப்ப காய்ச்சல்?"

"போன வருஷம், பனி நேரத்துல. ஒரு வாரத்துக்கு மேல எந்திரிக்கவே முடியலம்மா."

சட்டி அடுப்பில் கொதித்துக்கொண்டிருந்தது. அந்த ஒரு வாரமும் நான் அவளோடு போனில் பேசியிருக்கிறேன். "சாப்பிட்டியா?" என்று கேட்டிருக்கிறேன். "சாப்பிட்டேன்மா" என்றிருக்கிறாள். என்ன சாப்பிட்டாள், யார் சமைத்தார்கள் என்று நான் கேட்டதில்லை. அந்தப் பதில் வந்ததும் எனக்கு மனசு நிறைந்துவிடும், வீட்டுக் கதைக்குப் போய்விடுவேன். என் பிள்ளைக்கு ஒருத்தி கிண்ணத்தில் சூடாக ஊற்றி மாடிப்படி ஏறி வந்திருக்கிறாள். அவள் கொடுத்த பொடியோடு அன்று என் பக்கத்தில் நின்ற மகளைத்தான் நான் அப்பத்தாவிடம் போகச் சொன்னேன்.

இப்போது எங்கள் வீட்டில் அந்தக் குழம்பு ஒரு நிலைக்கு வந்திருக்கிறது. அரை கிலோ உருளைக்கிழங்குக்குக் கால் கிலோ வெங்காயம், இரண்டு மேசைக்கரண்டிப் பொடி. அவர்கள் போடும் கேரவே விதைக்குப் பதில் நம் சீரகம், குமுளி மிளகு நாலைந்து. மொச்சையைத் தனியாக வேகவைத்துக் கடைசியில் சேர்க்கிறேன். மாவைப் பிசைந்து சின்னச் சின்னதாகக் கிள்ளிக் கொதியில் போடுவது அங்கத்திய வழக்கம். முட்டை சேர்த்துப் பிசைவார்களாம், நான் சேர்ப்பதில்லை. மகள் திரையில் பார்த்து, "இன்னும் சின்னதாக் கிள்ளும்மா" என்பாள். கிள்ளுவேன். பேச்சோடு பேச்சாக அவளது வகுப்பு, பாட்டியின் முழங்கால் வலி, திசா ஆற்றின் வெள்ளம் என்று எங்கெங்கோ போகும். நான் குறுக்கே பேசுவதில்லை.

அடுத்த முறை வரும்போது பாட்டிக்கு என்ன கொடுத்தனுப்பலாம் என்று கேட்டேன். குமுளி ஏலக்காயும், நம் வீட்டில் அரைத்த குழம்புப் பொடியும் போதும் என்றாள். பொடியை எப்படிப் போடுவது என்று எழுதிக் கொடுத்தால், ஹங்கேரியத்தில் மாற்றிப் பாட்டிக்குப் படித்துக் காட்டுவாளாம். எழுதி வைத்திருக்கிறேன். புளித்தண்ணீர் கொதிக்கும்போது போட வேண்டும், பச்சை வாசனை போகும்வரை கொதிக்கவிட வேண்டும், அதற்குமுன் இறக்கக் கூடாது.