ஏழு சகோதரியரின் எதிர்க்கரை

நார்வே நாட்டின் கெய்ராங்கர் பியோர்டில் சென்ற படகில் நாங்கள் பதின்மரே இருந்தோம். பனியாறு குடைந்த பள்ளத்தாக்கினுள் கடல் புகுந்து, 15 கிலோமீட்டர் நீண்டு கிடக்கிறது. ஏழு சகோதரியர் என்னும் அருவி ஏறத்தாழ 250 மீட்டர் உயரத்திலிருந்து வீழ்கின்றது. கோடையில் ஏழும் தென்படுவதில்லை. நான் எண்ணியது நான்கு.

அருவியினும் என்னை ஈர்த்தது எதிர்க்கரைப் பாறை விளிம்பில் தனித்து நிற்கும் ஸ்காகேஃப்ளோ என்னும் பழைய பண்ணை வீடு. இங்கெல்லாம் தாய்மார், குழந்தைகள் விழுந்துவிடாதபடி இடுப்பில் கயிறு கட்டி வைப்பார்களாம். படகோட்டியே வழிகாட்டி, அவர் இதைச் சொன்னபோது பயணிகள் சிரித்தனர். எனக்குச் சிரிப்பு வரவில்லை. வேலையும் செய்ய வேண்டும், பிள்ளையையும் காக்க வேண்டும். அவள் வேறென்ன செய்வாள்?

பின்பு அவர் ஓகெர்நேசெட் மலையைப் பற்றிச் சொன்னார். அதன் பிளவு ஆண்டுதோறும் விரிகின்றது. கருவிகள் இரவும் பகலும் கண்காணிக்கின்றன. மலை சரிந்தால் பேரலை கெய்ராங்கர் ஊரைத் தாக்கும். 1934-இல் அருகிலுள்ள தாஃபியோர்டில் அவ்வாறே பாறை சரிந்து 40 பேர் மாண்டனர்.

“உங்கள் வீடு எங்கே?” என்று கேட்டேன்.

கரையோரத்தைக் காட்டினார். “அம்மா அங்கேதான் இருக்கிறார். மேட்டுக்கு வர மறுக்கிறார்” என்று சொல்லிப் படகைத் திருப்பினார்.