பொன்மணியும் யாமும்

எமது கல்லூரியை விட்டுச் சில ஆண்டுகளே கழிந்திருந்த 1977இல் 'பொன்மணி' என்னும் ஈழத்துத் தமிழ்ப்படம் யாழ்ப்பாணத்திலே திரையிடப்பெற்றது. பழைய தோழர் நால்வராய்ச் சென்ற யாம் இடைவேளையோடு எழுந்து வந்துவிட்டோம். மலருக்குக் கட்டுரை கேட்கப்பட்டபோது இக்குற்றமே முதலில் நினைவுக்கு வந்தது.

படத்தை நெறிப்படுத்திய தர்மசேன பத்திராஜா, கண்டியில் 1943இல் பிறந்து, பேராதனையிற் கற்று, யாழ்ப்பாண வளாகத்திலே விரிவுரையாளராயிருந்த சிங்களவர். கொழும்பில் வேலையற்றுத் திரியும் இளைஞரை 'அகஸ் கவ்வ'விற் காட்டி, 1974இலேயே பெயர் பெற்றிருந்தார். இங்கு வந்தவர், காவலூர் இராஜதுரையின் கதையை எடுத்துக்கொண்டு, எழுத்தாளர் நந்தி போன்ற, நடிப்பைத் தொழிலாகக் கொள்ளாதாரையும் நடிக்கவைத்தார். சாதிவேலி கடந்து காதலித்த ஒரு பெண்ணின் கதை அது. சீதனமின்மையால் மணமாகாதிருக்கும் தமக்கையும் அவ்வீட்டில் உண்டு.

தென்னிந்தியப் படங்களில் ஊறிய எமக்கு அதன் அமைதி பொறுக்கவில்லை. கமரா அவசரப்படாது எம்மூர் வீடுகளையும் மனிதரையும் பார்த்துக்கொண்டிருந்தது. "எங்கட வீட்டைப் பாக்கவோ காசு குடுத்தனாங்கள்?" என்றான் எம்முள் ஒருவன். யாவரும் சிரித்தோம். அவன் தமக்கையார் அன்று முப்பது கடந்தும் மணமாகாதிருந்தார் என்பதை யாம் நால்வரும் அறிவோம். (சிரிப்பு எதனை மறைத்ததென்று சொல்லவும் வேண்டுமோ?)

படம் நெடுநாள் ஓடவில்லை. பத்திராஜா சோர்ந்தாரல்லர். அடுத்த ஆண்டே கற்பிட்டிக் கடற்கரை மீனவரை வைத்து 'பம்பரு அவித்' எடுத்தார். 1981இல் வந்த 'சொல்தாது உன்னஹே'யில் ஒரு முதிய போர்வீரனையும் தெருவோரத்தாரையும் நாயகராக்கினார். பின்னர் நெடுங்காலம் திரைப்படம் வாய்க்காது, தொலைக்காட்சி நாடகங்கள் செய்தார். வசதியான கதைகளை எடுத்திருப்பின் வாய்ப்புகள் வந்திருக்கும் என்பது எம் எண்ணம். அவரோ அப்பக்கம் திரும்பவில்லை.

பல்லாண்டுகளின் பின், நண்பர் ஒருவர் இல்லத்தில், மங்கிய பிரதியொன்றிற் 'பொன்மணி'யை முழுவதும் பார்த்தோம். அன்று கேலி பேசிய தோழனும் உடனிருந்தான். தமக்கை தனித்திருக்கும் ஓரிடத்தில், "கொஞ்சம் நிப்பாட்டு" என்றான். நிறுத்தினோம். அவன் அக்கா அதற்கு முன்பே, மணமாகாமலே, காலமாகியிருந்தார்.

நெறியாளருக்கு ஒரு கடிதம் எழுதவேண்டுமென அன்றிரவு பேசிக்கொண்டோம். ஆங்கிலத்திலா தமிழிலா என்பதிலேயே காலம் போயிற்று. 2018 சனவரியில் அவர் மறைந்த செய்தி வந்தபோது, முதல் இரண்டு வரிகளே எழுதப்பட்டிருந்தன.