முத்தல் வேண்டாம் தாத்தா

டெல்லி ஐ.என்.ஏ. மார்க்கெட்ல முருங்கைக்காய்க் கடை.
மனைவி போனதுலேர்ந்து வாசப்படி தாண்டாத எங்க பிளாக் சார் அங்க நிக்கறார்!
அவரோட தங்கச்சி பேத்தி இப்போ அவர்கிட்டதான் வளருது.

"தாத்தா, அது முத்தல், வேண்டாம்!"னு அதட்டுது.
மனுஷன் சிரிச்சுட்டார்.
எனக்குத் தொண்டை அடைச்சுது.

எழுத்தாளர் ஆர்.கே. நாராயண் ஞாபகம் வந்துச்சு.
1939-ல மனைவி ராஜம் டைபாய்டுல போனப்போ அவருக்கு 32 வயசு. கையில சின்னப் பொண்ணு ஹேமா.
கடைசிவரை மறுமணம் பண்ணிக்கல. மகளை வளர்த்தார். மெதுவா எழுத்துக்குத் திரும்பினார். அந்த இழப்புதான் 1945-ல 'தி இங்கிலீஷ் டீச்சர்' நாவலாச்சு.

உங்க தெருவுலயும் இப்படித் தனியா ஒருத்தர் இருக்காரா?
பதினாறாம் நாளோட விசாரிக்கறதை நிறுத்திடாதீங்க.
அடுத்த தடவை அவரைப் பார்க்கப் போறப்போ குழந்தைகளையும் கூட்டிட்டுப் போங்க.