சிவப்புக்கு என்ன சுரம்?

ஒரு நிமிஷம் கண்ணை மூடுங்க. சிவப்புக்கு ஒரு சத்தம் இருந்தா, அது எப்படி இருக்கும்? தவிலா, நாதஸ்வரமா, பஸ் ஹாரனா? 'இவனுக்கு முத்திருச்சு'ன்னு பக்கத்தைப் புரட்டிடாதீங்க. எட்டாம் வகுப்புலயே இதுக்கு ஒரு சயின்ஸ் கண்டுபிடிச்ச விஞ்ஞானி நான்!

பேரு 'வண்ணச் சுரவியல்'. வானவில்லில் நிறம் ஏழு, சுரமும் ஏழு. சிவப்பு 'ச', ஆரஞ்சு 'ரி', மஞ்சள் 'க', பச்சை 'ம'... இப்படியே போய் ஊதா 'நி'. கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தில் விதிகள்கூட எழுதி வெச்சேன். விதி 1: எல்லாப் பொருளும் தன் நிறத்தை முணுமுணுத்துக்கிட்டே இருக்கும். விதி 2: பொய் சொல்றவன் சட்டை அபசுரமா பாடும். விதி 3: காது உள்ள யாரும் நிறத்தைத் தப்பா சொல்ல முடியாது.

அந்த மூணாவது விதிக்காகத்தான் மொத்த சயின்ஸும். ஏன்னா, அன்னிக்கு டிராயிங் கிளாஸில் நான் வரைஞ்ச மாமரத்தில் இலையெல்லாம் பிரவுன். கிளாஸே சிரிச்சது. சிவப்பு, பச்சை, பிரவுன் மூணும் என் கண்ணுக்கு ஒரே சாயல். வீட்டில்கூட சொல்லல.

எனக்கு முன்னாடியே பெரிய பெரிய மண்டைகள் இதில் விழுந்திருக்காங்கன்னு அப்புறம்தான் தெரிஞ்சது. நியூட்டன் 1704-ல் வெளியிட்ட 'ஆப்டிக்ஸ்' புத்தகத்தில் ஏழு நிறங்களையும் சுர இடைவெளிகளோடு பொருத்தினார். 1725-ல் பிரான்ஸில் காஸ்டெல் என்ற பாதிரியார், கட்டையை அழுத்தினா நிறம் காட்டுற கீபோர்டுக்கு யோசனை சொன்னார். ரஷ்ய இசையமைப்பாளர் ஸ்க்ரியாபின் 1910-ல் முடிச்ச 'ப்ரமீதியஸ்' இசையில் வண்ண விளக்குக்கே தனி நோட்ஸ் எழுதினார். தமாஷ் என்னன்னா, 'சி மேஜர்' அவருக்கு சிவப்பு; அவர் நாட்டுக்காரர் ரிம்ஸ்கி-கோர்சகோவுக்கு வெள்ளை. ஆளுக்கொரு அகராதி!

இன்ஜினீயரிங் வந்ததும் நானே கணக்குப் போட்டேன். 440 ஹெர்ட்ஸ் சுரத்தை 40 தடவை இரட்டிப்பாக்கினா சுமார் 484 டெராஹெர்ட்ஸ். ஆரஞ்சும் சிவப்பும் சேர்ற இடம்! குதிச்சேன். ஆனா ஒலி காற்றின் அதிர்வு, ஒளி மின்காந்த அலை. எத்தனை தடவை பெருக்கினாலும் ஒண்ணு இன்னொண்ணா ஆகாது. விதி 1 காலி.

அடுத்த அடி லேப்பில். ரெசிஸ்டரில் பிரவுன்-கருப்பு-சிவப்புன்னா 1000 ஓம். பிரவுன்-கருப்பு-பிரவுன்னா 100. நான் எதை எடுத்திருப்பேன்னு சொல்லணுமா? 9 வோல்ட் கொடுத்ததும் எல்.இ.டி. ஒரு தடவை பளிச்... அவ்ளோதான். மூணு வாரம் இதே கதை. 'கவனம் போதாது'ன்னு ரெக்கார்டில் எழுதினாங்க. உண்மையைச் சொல்லியிருக்கலாம். 'கலர் தெரியாதவனுக்கு எலெக்ட்ரானிக்ஸ் எதுக்கு?'ன்னு கேட்டுட்டா? வாயைத் திறக்கல.

நாலாவது வாரம் லேப் அசிஸ்டென்ட் அண்ணா ரெண்டு ஒயரை நீட்டினார். "தம்பி, இதுல பச்சை எது?"

நான் தரையைப் பார்த்தேன். அவர் சிரிக்கல. மல்டிமீட்டரைக் கையில் கொடுத்து, "இனிமே கலரைப் பார்க்காதே, அளந்து பாரு. மொதல்லயே சொல்றதுக்கென்ன?"ன்னார். ராத்திரி அம்மாகிட்டயும் போனில் சொன்னேன். "அதான் தக்காளியை அமுக்கி அமுக்கிப் பார்த்து எடுப்பியாடா?"ன்னாங்க. அப்புறம் ரொம்ப நேரம் பேசல.

இந்த செமஸ்டர் மினி ப்ராஜெக்ட்டுக்கு டி.சி.எஸ். 3200 சென்சார் வாங்கினேன். வெளிச்சத்தை அதிர்வெண்ணா மாத்தித் தர்ற சிப் அது. சிவப்பு, பச்சை, நீலம் எவ்வளவுன்னு தனித்தனியா அளந்து, அதுக்குத் தகுந்த சுரத்தை பஸ்ஸரில் வாசிக்க புரோகிராம் எழுதினேன். ரெசிஸ்டரின் மெல்லிய கோடுகளை அதால படிக்க முடியல. ஆனா சிவப்புக் காகிதத்துக்கு 'ச' வந்தது. ஹாஸ்டல் வாசலில் இருந்து ஒரு மாவிலை பறிச்சு வந்து வெச்சேன். 'ம'!

விதி 3 மட்டும் பாஸ்.

உங்க நோட்டின் கடைசிப் பக்கத்தையும் கொஞ்சம் புரட்டிப் பாருங்க. அங்கே யார்கிட்டயும் சொல்லாத ஒண்ணு இருந்தா, சீக்கிரம் சொல்லிடுங்க. எனக்கு மூணு எல்.இ.டி. செலவாச்சு!