மாம்பலம் ஸ்டேஷன்

மாலை ஆறு மணிக்குச் சென்னைக் கடற்கரை ஸ்டேஷனில் தாம்பரம் வண்டி ஏறுகிறவர்களுக்கு ஜனத்தொகைப் பெருக்கத்தைப் பற்றிப் பிரசங்கம் செய்ய வேண்டியதில்லை. கோட்டை, பூங்கா, எழும்பூர் என்று ஒவ்வொரு நிலையத்திலும் ஏறுகிறார்களேயொழிய இறங்குவோரைக் காணோம். மாம்பலத்தில்தான் கூட்டம் சற்றுக் கலைகிறது. சென்ற வாரம் நாமும் அங்கே இறங்கினோம், அதாவது, இறக்கப்பட்டோம்.

இந்தப் பாதையில் மின்சார வண்டி ஓடத் தொடங்கியது 1931-ஆம் வருஷத்தில். சிறிய மீட்டர் கேஜ் வண்டிதான். 2004-இல் அது முற்றிலும் மறைந்தது. ஆனால் அது செய்த காரியம் பெரிது. அதற்கு முன் குமாஸ்தா ஒருவர், ஆபீஸுக்கு நடந்தோ டிராமிலோ போய்ச் சேரக் கூடிய தூரத்தில், திருவல்லிக்கேணிச் சந்து ஒன்றில் ஒண்டுக் குடித்தனம் இருப்பார். ரயில் வந்த பிறகு அவருக்குத் தனி வீடு, கிணறு, இரண்டு தென்னை என்ற ஆசைகள் பிறந்தன. ஆசை நிறைவேறியது. கூடவே ரயில்வே கடிகாரமும் சமையலறைக்குள் புகுந்துவிட்டது! எட்டேகால் வண்டிக்கு ஏழே முக்காலுக்குள் ரஸம் இறங்கியாக வேண்டும். அவர் தனி வீட்டில் உறங்கினார் என்பது உண்மை; வாழ்ந்தாரா என்பதை அவருடைய மனைவிதான் சொல்ல வேண்டும்.

இவ்வளவு வீடுகளுக்கும் நிலம் எங்கிருந்து வந்தது? நுங்கம்பாக்கத்திலிருந்து சைதாப்பேட்டை வரையில் நீண்டு கிடந்த பெரிய ஏரியை 1920-களில் வற்றச் செய்து மனை போட்டார்கள். 1925-இல் காலமான ஸர் பிட்டி தியாகராயர் பெயரால் அது தியாகராய நகர் ஆயிற்று. ரயில் பாதைக்கு மேற்கே 'லேக் வியூ ரோடு' என்று இன்றும் ஒரு தெரு இருக்கிறது. பெயர்ப் பலகையைப் பார்த்துவிட்டு, அருகில் பூ விற்ற கிழவியிடம், "ஏரி எங்கே அம்மா?" என்று கேட்டோம்.

"கார்த்திகை மாசம் வாங்க ஐயா, காட்டறேன்" என்றாள்.

நாம் சிரித்தோம், அவள் சிரிக்கவில்லை. 2015-லும் 2021-லும் அவள் குடிசைக்குள் முழங்கால் அளவு தண்ணீர் நின்றதாம். பாத்திரங்களைத் தலையில் தூக்கிக்கொண்டு ஸ்டேஷன் மேடையில் போய் உட்கார்ந்தாளாம்.

இரண்டு முழம் மல்லிகை வாங்கிக்கொண்டு திரும்பினோம். கடற்கரைக்குப் போகும் வண்டியில் உட்கார இடம் தாராளமாக இருந்தது.