தாத்தாவின் கல்வம்

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்சி. வேதியியல் மாணவன்)

சென்ற பருவத்தில் ஒரு நாள் எங்கள் வேதியியல் ஆய்வகத்தில் பழைய வெப்பமானி ஒன்று கைநழுவி விழுந்து உடைந்தது. உள்ளிருந்த பாதரசம் மேசைமீது வெள்ளி மணிகளாக உருண்டோடியது. அதை விரலால் தொடப் போன நண்பனைப் பேராசிரியர் உரத்த குரலில் தடுத்தார். சன்னல்களைத் திறக்கச் சொல்லிவிட்டு, கந்தகப் பொடியை எடுத்து வந்து அம்மணிகளின்மேல் தூவினார். "இது கண்ணுக்குத் தெரியாமல் ஆவியாகும், மூச்சோடு உள்ளே போகும். கந்தகம் இதைப் பிடித்துக் கட்டிவிடும்" என்றார்.

மற்றவர்களுக்கு அது ஒரு பாடம். எனக்கோ பத்தாண்டுகளுக்கு முந்தைய ஓர் இரவு கண்முன் வந்து நின்றது.

வேங்கிக்காலில் எங்கள் வீட்டின் பின்புறம் ஓர் ஓலைக் கொட்டகை இருந்தது. என் தாத்தா நாட்டு வைத்தியர். பகலெல்லாம் சேற்றுப்புண்ணுக்கும் குழந்தைகளின் மாந்தத்துக்கும் மருந்து கொடுப்பார். அமாவாசை இரவுகளில் அவரையொத்த மூவர் வருவார்கள். கொட்டகையின் தட்டி சாத்தப்படும். உள்ளே நடப்பதை வெளியே சொல்வதில்லை என்று நால்வரும் குருவின் பெயரால் சத்தியம் செய்திருந்தார்களாம். பாட்டிக்குக்கூட அங்கே இடமில்லை. விறகு எடுத்துக் கொடுக்கும் சிறுவனாகிய நான் மட்டும் வாசற்படி வரை போகலாம்.

தட்டியின் இடுக்கு வழியே பார்த்திருக்கிறேன். கல்வத்தில் பாதரசத்தையும் கந்தகத்தையும் இட்டுத் தாத்தா மணிக்கணக்கில் அரைப்பார். வெள்ளியும் மஞ்சளும் கலந்து கரிய பொடியாகும். அதைச் சட்டியிலிட்டு, மேலே ஒரு சட்டி கவிழ்த்து, வாய்க்குச் சீலைமண் செய்து அடுப்பேற்றுவார். விளக்குச் சுடர்போல எரிவது தீபாக்கினி, தாமரைபோல விரிவது கமலாக்கினி, காட்டுத் தீப்போல ஓங்குவது காடாக்கினி. "நாலு சாமம் எரிக்கணும்டா கண்ணு. தீ கூடினாலும் போச்சு, கொறஞ்சாலும் போச்சு" என்பார். ஒரு சாமம் மூன்று மணி நேரம். ஆக, பன்னிரண்டு மணி நேரம் அந்தப் புகையிலேயே நால்வரும் விழித்திருப்பார்கள். விடிந்தபின் மேல்சட்டியின் உட்புறம் சிவந்து படிந்திருக்கும்.

இவ்வளவும் எதற்காக? காலத்தை நிறுத்துவதற்காக! காயகற்பம் உண்டவர்க்கு நரை, திரை, மூப்பு இல்லை என்பது சித்தர் மரபின் நம்பிக்கை. திருமூலர் மூவாயிரம் ஆண்டு வாழ்ந்தார் என்பார்கள். இடைக்காடர் நம் திருவண்ணாமலையிலேயே அடங்கினார் என்பார்கள். நெருப்பே மலையாகி நின்றதாகச் சொல்லப்படும் ஊரில், நெருப்பால் மூப்பை வெல்லலாம் என்று நால்வர் நம்பியதில் வியப்பில்லை. தாத்தாவும் அச்செந்தூரத்தைத் தேனில் குழைத்து உண்டு வந்தார். "உன் பேரனையும் பாத்துட்டுத்தான் போவேன்" என்று சிரிப்பார்.

ஆண்டுக்காண்டு அவர் கை நடுங்கத் தொடங்கியது. காப்பித் தம்ளரைப் பிடிக்க முடியாது. ஈறு புண்ணாகும். அமைதியான மனிதர் எதற்கெடுத்தாலும் சீறுவார். நான் ஒன்பதாம் வகுப்பு படித்தபோது, தமது 62-ஆம் வயதில் மறைந்தார்.

ஆய்வகத்தில் அன்று நடந்ததற்குப் பிறகு நூலகத்தில் தேடிப் படித்தேன். பாதரசம் 357 டிகிரி செல்சியசில் கொதிக்கும். ஆனால் சாதாரண அறைவெப்பத்திலேயே ஆவியாகிக்கொண்டிருக்கும். முன்னாளில் ஐரோப்பாவில் தொப்பி செய்த தொழிலாளர்கள் பாதரச உப்பைக் கையாண்டு, கைநடுக்கமும் மனக்கலக்கமும் அடைந்தார்கள். படிக்கப் படிக்க என் கையும் நடுங்கியது. தாத்தாவின் நோய்க்கு அதுவே காரணம் என்று சத்தியம் செய்ய என்னால் இயலாது. எவரும் அவரைச் சோதித்ததில்லை. ஆனால் அந்த எண்ணம் என்னை விட்டு அகலவும் இல்லை.

அவர் விட்டுச் சென்ற தகரப் பெட்டியில் இரண்டு நோட்டுகள் இருந்தன. செங்கல் சூளையில் வேலை செய்யும் என் தந்தைக்கு எழுத்து தெரியாது, என்னிடம் கொடுத்தார். எல்லாம் பரிபாசை! சூதம் என்றால் பாதரசம் என்பது வரை புரிந்தது. பக்கத்துக்குப் பக்கம் வரும் 'முப்பு' எது என்பதில் கற்றவர்களே இன்றும் வேறுபடுகிறார்கள். தாத்தாவின் நண்பர்களில் உயிரோடிருக்கும் ஒருவரைத் தேடிப் போய்க் கேட்டேன். "குரு உத்தரவு இல்லாம சொல்லக் கூடாது தம்பி" என்று கதவைச் சாத்திக்கொண்டார். பகைவருக்கு மறைத்த பொருள் பேரனுக்கும் மறைந்து போயிற்று.

பிரபுல்ல சந்திர ரே என்ற வங்க அறிஞரும் பாதரசத்தோடுதான் உழைத்தார். 1896-இல் மெர்குரஸ் நைட்ரைட் என்ற சேர்மத்தைத் தயாரித்து உலகறிய வெளியிட்டார். பழைய ரசவாத நூல்களைக் கற்று, 1902-இல் இந்திய வேதியியல் வரலாற்றின் முதற்பாகத்தை எழுதினார். வெளியிட்டதால் பிறர் சோதித்தார்கள், கேள்வி கேட்டார்கள், திருத்தினார்கள். என் தாத்தாவின் கொட்டகைக்குள் அப்படிக் கேள்வி கேட்க யாருமில்லை. தெரிந்த ஒருவர் எட்டிப் பார்த்திருந்தால், "ஐயா, முதலில் தட்டியைத் திறந்து வையுங்கள்" என்றாவது சொல்லியிருப்பாரே!

ஆயினும் நான் அவரை நகைக்க மாட்டேன். மூன்றாம் வகுப்போடு படிப்பு நின்றவர் அவர். அவருக்கு எந்தக் கல்லூரியின் கதவு திறந்திருந்தது? வெள்ளியும் மஞ்சளும் கரியாகி, கரி தீயில் சிவப்பாவதைத் தம் கண்ணாலேயே கண்டறிந்திருந்தார். அதையே நான் இன்று பாதரச சல்பைடு என்று தேர்வுத்தாளில் எழுதி மதிப்பெண் வாங்குகிறேன். இன்று சித்த மருத்துவமும் கதவைத் திறந்துவிட்டது. பாளையங்கோட்டையில் 1964 முதல் அரசுக் கல்லூரியிலும், தாம்பரம் தேசிய சித்த மருத்துவ நிறுவனத்திலும் அது கற்பிக்கப்படுகிறது.

நண்பர்களே, உங்கள் வீட்டுப் பரணிலும் இப்படி ஒரு நோட்டு கிடக்கலாம். எரித்துவிடாதீர்கள், அதை நம்பி எதையும் உண்டுவிடாதீர்கள், நம் ஆசிரியர்களிடம் கொண்டுவந்து காட்டுங்கள். நான் ஞாயிறுதோறும் தாத்தாவின் நோட்டை ஒரு பக்கமாகப் படியெடுத்து வருகிறேன். சென்ற வாரப் பக்கத்தில் 'நாலு சாமம் எரிக்க' என்றிருந்தது. அதனருகே நான் எழுதினேன்: 'பன்னிரண்டு மணி நேரம். சன்னல் திறந்திருக்கட்டும்.'